நடுத்தூண்கள் ஏன் சாய்ந்தன?
கோபே நகரத்து நிலக்கீழ் புகையிரத நிலையம் ஒன்று எமக்குச் சொல்லும் பாடம்

நிலத்துக்குக் கீழே என்ற சொல்லைக் கேட்டதும் எம்மில் பலருக்கு முதலில் ஞாபகத்துக்கு வருவது பதுங்குகுழிதான். பனங்குற்றிகளை அடுக்கி, அதன்மேல் மண்மூடைகளைப் போட்டு, பிள்ளைகளை உள்ளே தள்ளிவிட்டு, வாசலில் குந்தியிருந்து வானத்தைப் பார்த்த நாட்கள் இலகுவில் மறக்கக்கூடியவை அல்ல. அந்தக் குழியே பலரைக் காப்பாற்றியது. சிலருக்கு அதுவே புதைகுழியும் ஆனது. ஆகவே நிலத்தின் அடியில் இறங்குவது என்பது எமக்குச் சாதாரண காரியமல்ல.

யப்பானில் அது அன்றாட வாழ்க்கை. ரோக்கியோ நகரில் முதலாவது நிலக்கீழ் ரயில் 1927ஆம் ஆண்டின் இறுதியில் ஓடத் தொடங்கியது. இன்று அந்நாட்டின் பெரிய நகரங்களில் வேலைக்குப் போவோர், பாடசாலைப் பிள்ளைகள், சந்தைக்குப் போகும் முதியவர்கள் எல்லோரும் காலையும் மாலையும் நிலத்துக்குக் கீழே இறங்கி ஏறுகிறார்கள். மழை பெய்தாலும் வெயில் எரித்தாலும் ரயில் நிமிடக் கணக்குத் தவறாமல் வருகிறது. நிலத்தின் அடியில் இருப்பதே பாதுகாப்பு என்று அவர்களும் நெடுங்காலம் நம்பியிருந்தார்கள். அந்த நம்பிக்கையை ஒரு சிறிய புகையிரத நிலையம் 1995இல் உடைத்துப் போட்டது. அதன் கதையையே இந்த மாதம் உங்களுடன் பகிர்ந்துகொள்ள விரும்புகின்றேன்.

டைகாய் நிலையம்

சில வருடங்களுக்கு முன்னர், அனர்த்தங்களுக்குப் பின்னரான சமூகப் பணி பற்றிய பயிற்சி ஒன்றுக்காக யப்பானின் கோபே நகரத்துக்குச் செல்லும் வாய்ப்பு எனக்குக் கிடைத்தது. கோபே ஒரு துறைமுக நகரம். ஒரு பக்கம் மலை, மறுபக்கம் கடல், இரண்டுக்கும் இடையில் நீளமாக ஒடுங்கிக் கிடக்கும் ஊர். நகரத்தின் மையத்திலிருந்து மேற்கே போனால் அடுக்குமாடிக் கடைகள் குறைந்து, சிறிய வீடுகளும் பட்டறைகளும் சில்லறைக் கடைகளும் நிறைந்த பகுதிகள் வருகின்றன. ஹியோகோ, நகாத்தா என்னும் இரண்டு வட்டாரங்களும் அங்கேதான் உள்ளன. சாதாரண உழைப்பாளி மக்கள் நெருங்கி வாழும் இடங்கள் அவை. நகாத்தா வட்டாரம் சப்பாத்துத் தயாரிப்புக்குப் பெயர் போனது. வெட்டுவது, ஒட்டுவது, தைப்பது என்று ஒரு சோடிச் சப்பாத்து பல சிறிய பட்டறைகளைச் சுற்றியே முழுமை பெறும். அந்த வேலையில் பெண்களின் கைகளே அதிகம். கொரிய வம்சாவளியினரும், அகதிகளாக வந்து குடியேறிய வியட்நாமியரும் அங்கே வேலை செய்தனர்.

இந்த மக்கள் ஏறி இறங்கும் நிலையங்களில் ஒன்றே டைகாய். கோபேக்கு வரும் தனியார் ரயில் பாதைகள் முன்னர் நகரத்தின் வெவ்வேறு மூலைகளில் முடிவடைந்து நின்றன. அவற்றை நிலத்துக்கு அடியால் ஒன்றோடொன்று இணைப்பதற்காக ஒரு கம்பனி அமைக்கப்பட்டது. அந்தக் கம்பனிக்குச் சொந்தமாகத் தண்டவாளமும் நிலையங்களும் மட்டுமே இருந்தன. தனக்கென்று ஒரு ரயில் பெட்டிகூட இருக்கவில்லை. மற்றவர்களின் ரயில்கள் அதன் பாதையில் ஓடின. 1968ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் 7ஆம் திகதி அந்தப் பாதை திறக்கப்பட்டது. டைகாய் நிலையமும் அன்றே திறக்கப்பட்டது.

வீதியோரத்தில் உள்ள படிகளால் கீழே இறங்கினேன். முதல் தட்டில் ரிக்கற் எடுக்கும் இடம். அதற்கும் கீழே, நடுவில் இரண்டு தண்டவாளங்கள், இரண்டு பக்கமும் மேடைகள். கண்பார்வை இல்லாதவர்கள் காலாலும் கைத்தடியாலும் தடவி அறிந்து நடப்பதற்கு மஞ்சள் நிறப் புடைப்புக் கற்கள் மேடை நெடுகப் பதித்திருந்தார்கள். சிறிய, அமைதியான நிலையம். பெரிய ரயில் நிலையங்களின் ஆரவாரம் எதுவுமில்லை. கடைப் பையுடன் ஓர் ஆச்சி, சீருடையில் இரண்டு பிள்ளைகள், கைத்தொலைபேசியைப் பார்த்தபடி ஓர் இளைஞன். அவ்வளவுதான்.

மேலேயிருந்து ஏதோ பாரவண்டி போன அதிர்வு கேட்டது. என் கை தானாகவே சுவரைப் பிடித்துக்கொண்டது. பின்வளவுப் பங்கருக்குள் சின்ன வயதில் இருந்தவர்களுக்கு அந்தக் கைப்பிடிப்பின் அர்த்தம் விளங்கும். என்னுடன் வந்த மொழிபெயர்ப்பாளப் பெண் ஒன்றும் கேட்கவில்லை. தண்டவாளங்களுக்கு நடுவே வரிசையாக நின்ற தூண்களைக் காட்டி, "இவைதான் விழுந்தவை" என்று மட்டும் சொன்னார்.

அதிகாலை 5.46

1995ஆம் ஆண்டு ஜனவரி 17ஆம் திகதி, செவ்வாய்க்கிழமை. அதிகாலை 5 மணி 46 நிமிடம். குளிர்காலம் என்பதால் இன்னும் இருட்டு. பெரும்பாலானவர்கள் படுக்கையில் இருந்தார்கள். கோபேக்கு அருகேயுள்ள அவாஜித் தீவின் பக்கமாகப் பூமியின் அடியில் பாறை பிளந்து நகர்ந்தது. 7.3 அளவிலான பூமியதிர்ச்சி. கடுமையான குலுக்கல் நீடித்தது இருபது வினாடிகள் வரையில்தான். அந்தக் குறுகிய நேரத்தில் ஒரு நகரமே விழுந்தது.

மொத்தம் 6,434 பேர் உயிரிழந்தார்கள். இரண்டரை இலட்சம் அளவிலான வீடுகள் முழுமையாகவோ பாதியாகவோ இடிந்தன. மூன்று இலட்சத்துக்கும் அதிகமானோர் பாடசாலைகளிலும் பொது மண்டபங்களிலும் தஞ்சம் புகுந்தார்கள். நகாத்தாவில் தீ பரவி, சப்பாத்துப் பட்டறைகளும் வீடுகளும் தெருத் தெருவாக எரிந்தன. இறந்தவர்களில் பெண்கள் ஆண்களைவிட ஏறத்தாழ ஆயிரம் பேர் அதிகம். பாரமான ஓடு வேய்ந்த பழைய மரவீடுகளில், குறைந்த வாடகைக்குத் தனித்து வாழ்ந்த முதிய பெண்கள் பலர் இருந்தனர் என்பது அதற்கு ஒரு முக்கிய காரணம். அனர்த்தம் எல்லோருக்கும் பொதுவானது என்கிறோம். ஆனால் அது முதலில் எடுத்துச் செல்வது ஏழைகளையும் தனித்திருப்பவர்களையும்தான்.

டைகாய் நிலையத்திலே நடந்ததை எவரும் எதிர்பார்த்திருக்கவில்லை. தண்டவாளங்களுக்கு நடுவே மூன்றரை மீற்றருக்கு ஒன்றாக 35 கொங்கிறீற் தூண்கள் நின்றன. அவற்றில் 30 வரையில் நசிந்து போயின. கொங்கிறீற் நொறுங்கிக் கொட்டுண்டு, உள்ளே இருந்த இரும்புக் கம்பிகள் வெளியே பிதுங்கி, மேலேயிருந்து அமத்திய வெசாக் கூடு போலத் தூண்கள் காட்சியளித்தன. நடுத்தாங்கல் போனதும் மேல்தட்டு நடுவால் மடிந்து இறங்கியது. அதற்கு மேலிருந்த நாலைந்து மீற்றர் மண்ணும், அதற்கும் மேலிருந்த பிரதான வீதியும் சேர்ந்து இறங்கின. வீதி ஓரிடத்தில் இரண்டரை மீற்றர் அளவுக்குத் தாழ்ந்து போனது. ஒரு மனிதனின் உயரத்தைவிட அதிகம்.

அதுவரை உலகில் எங்குமே பூமியதிர்ச்சியினால் ஒரு நிலக்கீழ் ரயில் நிலையம் இப்படி முழுமையாக இடிந்து விழுந்ததில்லை என்று பொறியியலாளர்கள் கூறுகின்றனர்.

பாரம் தாங்கிய தூண் ஏன் விழுந்தது?

இந்தக் கேள்விதான் என் மனதைப் பிடித்துக்கொண்டது. அந்தத் தூண்கள் 1960களில் கட்டப்பட்டவை. முப்பது வருடங்களாக மண்ணின் பாரம், வீதியின் பாரம், வீதியிலே ஓடிய வாகனங்களின் பாரம் அத்தனையையும் ஒரு முறைப்பாடும் இல்லாமல் தாங்கி நின்றவை. பாரத்தைப் பொறுத்தவரையில் அவை பலமானவைதான். பிறகு ஏன் விழுந்தன?

பயிற்சியில் எமக்கு விளக்கிய விதத்தை எம்மூர்ப் பேச்சில் சொல்கிறேன். ஒரு கொட்டிலை நினைத்துப் பாருங்கள். கப்பை நட்டு, வளையைப் போட்டு, மேலே கிடுகு வேய்ந்தால் கப்பு கூரையின் பாரத்தைத் தாங்கும். ஆனால் பக்கத்தால் ஒரு பெருங்காற்று அடித்தால்? குறுக்குத் தடி வைத்துக் கட்டாத கொட்டில் ஒரு பக்கம் சரிந்துவிடும். கப்பு உடைவது பாரத்தால் அல்ல. பக்கத்தால் வந்த தள்ளலால்.

டைகாயிலும் அதுவே நடந்தது. பூமி குலுங்கியபோது நிலையத்தின் மேல்தட்டைச் சுற்றியுள்ள மண் ஒரு பக்கமாகவும், அடித்தட்டைச் சுற்றியுள்ள மண் வேறு அளவிலும் நகர்ந்தது. மேலும் கீழும் எதிரெதிராக இழுபட, நடுவில் நின்ற தூண்களைக் குறுக்கே வெட்டுவது போன்ற விசை தாக்கியது. அந்தத் தூண்களுக்குள்ளே மேலிருந்து கீழாகப் போகும் தடித்த கம்பிகள் நிறைய இருந்தன. ஆனால் அந்தக் கம்பிகளைச் சுற்றி இறுக்கிக் கட்டும் வளையக் கம்பிகள் மிகக் குறைவு. 9 மில்லிமீற்றர் தடிப்பான வளையங்கள், 35 சென்றிமீற்றருக்கு ஒன்று வீதம் மட்டுமே போடப்பட்டிருந்தன. கட்டுக் குறைவாக இருந்தபடியால் கொங்கிறீற் வெடித்ததும் கம்பிகள் ஆளுக்கொரு பக்கம் வளைந்தன. தூண் முடிந்தது.

கட்டியவர்கள் ஏமாற்றவில்லை. அந்தக் காலத்து அறிவு அவ்வளவுதான். நிலத்துக்குக் கீழே உள்ள கட்டடம் நிலத்தோடு சேர்ந்தே ஆடும், ஆகவே அதற்குப் பூமியதிர்ச்சி பெரிய ஆபத்தல்ல என்று எண்ணினார்கள். மேலிருந்து வரும் பாரத்துக்குக் கணக்குப் பார்த்தார்கள். பக்கத்தால் வரும் தள்ளலுக்குக் கணக்குப் பார்க்கவில்லை.

இதைக் கேட்டபோது எனக்கு எம்முடைய பெண்களின் முகங்களே கண்முன் வந்தன. கணவனை இழந்து, அல்லது கணவன் காணாமல் போய், மூன்று பிள்ளைகளையும் ஒரு முதிய தாயையும் சுமந்து நிற்கும் ஒருத்தியை எல்லோரும் "அவள் கெட்டிக்காரி, தாங்குவாள்" என்கிறோம். அவளும் தாங்குகிறாள். பாரம் அவளுக்குப் பழக்கம். ஆனால் பக்கத்தால் ஏதேனும் ஒன்று வந்து தள்ளும்போது அவளைச் சுற்றி எத்தனை வளையங்கள் இருக்கின்றன என்று நாம் எண்ணிப் பார்ப்பதில்லை. நுண்கடன்காரன் வாசலில் வந்து நிற்பதாக இருக்கலாம். பிள்ளையின் வருத்தமாக இருக்கலாம். அயலவரின் ஒரு பழிச்சொல்லாகக்கூட இருக்கலாம். விழுந்த பிறகுதான் "இவ்வளவு தைரியமானவளுக்கு என்ன நடந்தது?" என்று கேட்கிறோம்.

அப்படியே திருப்பிக் கட்டவில்லை

டைகாய் நிலையத்தை மீளக் கட்டிய விதத்திலும் ஒரு செய்தி உண்டு. வீதியை மேலிருந்து தோண்டித் திறந்து, நொறுங்கியவற்றை அகற்றி, மேல்தட்டையும் நடுத்தூண்களையும் புதிதாக அமைத்தார்கள். ஆனால் பழைய வரைபடத்தை எடுத்து அதன்படியே கட்டவில்லை. ஏன் விழுந்தது என்று முதலில் ஆராய்ந்தார்கள். புதிய தூண்களை இரும்பால் வலுப்படுத்தி, பக்கத்தால் வரும் தள்ளலையும் தாங்கக்கூடியவையாக அமைத்தார்கள்.

1995ஆம் ஆண்டு ஓகஸ்ட் 13ஆம் திகதி பாதை மீண்டும் திறந்தது. ரயில்கள் ஓடின. ஆனால் டைகாயில் நிற்கவில்லை. வேலை முடியாத நிலையத்தைக் கடந்து போயின. பூமியதிர்ச்சியின் முதலாம் ஆண்டு நினைவு நாளான 1996 ஜனவரி 17ஆம் திகதியே நிலையம் மீண்டும் மக்களுக்காகத் திறக்கப்பட்டது.

அத்துடன் விடயம் முடியவில்லை. ஒரு நிலையம் விழுந்ததிலிருந்து கற்றதை நாடு முழுவதற்கும் எடுத்துச் சென்றார்கள். நிலக்கீழ் கட்டடங்களுக்கான விதிகள் மாற்றப்பட்டன. மற்ற நகரங்களில் விழாமல் நின்ற பழைய நிலையங்களின் நடுத்தூண்களுக்கும் இரும்புத் தகட்டால் உறை போட்டு வலுப்படுத்தினார்கள். விழும்வரை காத்திருக்கவில்லை. ஒரு தூண் விழுந்ததனால் ஆயிரக்கணக்கான தூண்களுக்குக் கட்டு கிடைத்தது.

தூணைக் கட்டிவிடலாம், மனிதரை?

நிலையம் ஒரு வருடத்தில் எழுந்தது. மனிதர்களின் கதை அவ்வளவு சுருக்கமானதல்ல.

வீடிழந்தவர்களுக்காக 48,000க்கும் அதிகமான தற்காலிக வீடுகள் கட்டப்பட்டன. நகரத்துக்குள் நிலம் போதாமையால் அவற்றுள் பல, நகரத்துக்கு வெளியே மலைப்பக்கத்தில் உருவாகிக்கொண்டிருந்த புறநகர்களிலும் கடலை நிரப்பி உருவாக்கிய தீவுகளிலும் அமைந்தன. முதியோருக்கும் வலது குறைந்தோருக்கும் முதலிடம் கொடுத்து, சீட்டுக் குலுக்கி வீடுகளைப் பகிர்ந்தார்கள். கேட்பதற்கு நியாயமான முறைதான். ஆனால் நடந்தது என்ன? ஒரே ஒழுங்கையில் நாற்பது வருடம் வாழ்ந்தவர்கள் நாலு திசைக்குப் பிரிந்து போனார்கள். ஒரு முகாம் முழுவதும் ஒருவரையொருவர் அறியாத முதியவர்கள். வைத்தியரைப் பார்க்க, பழக்கமான கடையில் மரக்கறி வாங்க, பழைய அயலவரோடு பத்து நிமிடம் கதைக்க, அவர்கள் ரயிலேறிப் பழைய ஊருக்கு வந்தார்கள். வர முடியாதவர்கள் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்தார்கள்.

அந்த அடைத்த கதவுகளுக்குப் பின்னால், எவரும் அறியாமல் தனியே இறந்து, பிறகு கண்டெடுக்கப்பட்டவர்கள் தற்காலிக வீடுகளில் மட்டும் 230க்கும் அதிகமானோர். இந்த மரணத்தைக் குறிக்க யப்பானிய மொழியில் ஒரு சொல் உண்டு: கொதொக்குஷி, தனிமை மரணம். அவர்களில் பலர் ஐம்பது அறுபது வயது ஆண்கள். வேலையும் குடும்பமும் போனபின் மதுவில் விழுந்தவர்களும் அவர்களுள் இருந்தனர். பின்னர் நிரந்தர மாடி வீடுகளுக்குப் போனபோதும் இந்த அவலம் தொடர்ந்தது. அங்கே இவ்வாறு இறந்தவர்களின் தொகை ஆயிரத்தைத் தாண்டியது. பூமி ஆட்டம் நின்று பல வருடங்களுக்குப் பிறகும் பக்கத்தால் வந்த தள்ளல் நிற்கவில்லை.

இதைக் கண்டு சும்மா இருக்க முடியாத ஒரு பெண்ணைப் பற்றி அங்கே பலரும் சொன்னார்கள். குரோதா ஹிரோக்கோ. தக்கராசூக்கா நகர வைத்தியசாலையில் தாதியர் பொறுப்பில் உயர் பதவி வகித்தவர். பூமியதிர்ச்சியின் பின் அந்தப் பதவியை விட்டு விலகி, கோபேயின் மேற்கில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட வீடுகள் கொண்ட ஒரு தற்காலிகக் குடியிருப்புக்குச் சென்று, அங்கேயே கூடாரம் அடித்துத் தங்கினார். இரவு பகலாக வீடுவீடாகப் போய்க் கதவைத் தட்டினார். கதவைத் தட்டுவது, பெயர் சொல்லிக் கூப்பிடுவது, ஒரு கோப்பைத் தேநீர் அருந்துவது. அவரது சேவையின் பெரும்பகுதி இதுதான். 2014இல் இறக்கும் வரையில், 2011இல் வடகிழக்கு யப்பானில் சுனாமி வந்தபோதும்கூட, அவர் இந்தப் பணியை விடவில்லை.

தற்காலிகக் குடியிருப்புகளில் கூடிக் கதைப்பதற்கென்று பொது நிலையங்களும் அமைக்கப்பட்டன. தேநீர், தையல், சமையல், பாட்டு என்று ஏதோ ஒரு சாட்டு. உண்மையில் அங்கே நடந்தது ஒருவர் வராவிட்டால் "இன்று அவர் ஏன் வரவில்லை?" என்று மற்றவர் கேட்பதுதான். "மனதைப் பராமரித்தல்" என்னும் பொருள்படும் சொல் யப்பானியரின் அன்றாடப் பேச்சில் பரவியதும் அந்தக் காலத்தில்தான்.

நான் சந்தித்த ஒரு முதிய தாய், நகாத்தாவில் சப்பாத்துக்குப் பசை ஒட்டும் வேலை செய்தவர், மொழிபெயர்ப்பாளர் மூலமாக ஒன்று சொன்னார். "அந்த நாட்களில் எங்கே பார்த்தாலும் 'கன்பரோ கோபே' என்று எழுதியிருக்கும். கோபேயே முயற்சி செய், தளராதே என்று அர்த்தம். முதலில் அது உற்சாகமாக இருந்தது. பிறகு பாரமாக இருந்தது. நான் ஏற்கெனவே முடிந்த மட்டும் முயற்சி செய்துகொண்டுதானே இருக்கிறேன், இன்னும் எவ்வளவு என்று கேட்கத் தோன்றியது. 'சாப்பிட்டீர்களா?' என்று கேட்டவர்களைத்தான் எனக்கு இன்றும் ஞாபகம்."

இந்த ஒரு வசனத்துக்காகவே அவ்வளவு தூரம் போனது தகும் என்று எனக்குப் பட்டது.

சேர்ந்து கேட்டார்கள்

யப்பான் பணக்கார நாடு, அரசாங்கம் எல்லாம் கொடுத்திருக்கும் என்று நீங்கள் நினைக்கலாம். அப்படியல்ல. தனியாரின் வீடு தனியாரின் சொத்து, அதைக் கட்டப் பொதுப் பணத்தைத் தர முடியாது என்பதே அன்றைய அரசின் நிலைப்பாடு. வீடும் போய், வீட்டுக்காக எடுத்த கடனும் மிஞ்சி, பல குடும்பங்கள் இரட்டைக் கடனில் விழுந்தன.

பாதிக்கப்பட்டவர்கள் அதோடு அடங்கிவிடவில்லை. அவர்களோடு எழுத்தாளர்களும் தொழிற்சங்கங்களும் கூட்டுறவுச் சங்கங்களும் சேர்ந்தன. கூட்டுறவுச் சங்கங்களின் பலமே வீட்டுப் பெண்கள்தான். நாடெங்கும் இரண்டு கோடிக்கும் அதிகமான கையொப்பங்கள் சேர்க்கப்பட்டன. 1998ஆம் ஆண்டு மே மாதத்தில், அனர்த்தத்தில் வீடிழந்தவர்களின் வாழ்வைக் கட்டியெழுப்ப அரசு பணம் வழங்க வேண்டும் என்ற சட்டம் நிறைவேறியது. முதலில் ஒரு குடும்பத்துக்கு ஆகக் கூடியது 10 இலட்சம் யென். பின்னர் 2004இல் அது 30 இலட்சமாக உயர்த்தப்பட்டது. கையொப்பம் வைத்த கோபே மக்கள் பலருக்கு அந்தச் சட்டத்தின் முழுப் பயன் கிடைக்கவில்லை. ஆனால் அவர்களுக்குப் பின் வந்தவர்களுக்குக் கிடைத்தது.

சீட்டுக் குலுக்கி மக்களைப் பிரித்ததிலிருந்தும் பாடம் கற்றார்கள். 2004 ஒக்ரோபரில் நீகாத்தா மாகாணத்தில் பூமியதிர்ச்சி ஏற்பட்டு, யமகோஷி என்ற மலைக்கிராமத்தின் மக்கள் சுமார் இரண்டாயிரம் பேரும் இடம்பெயர வேண்டி வந்தது. இம்முறை குலுக்கல் இல்லை. குறிச்சி குறிச்சியாக, அயல் அயலாகவே தற்காலிக வீடுகளில் குடியமர்த்தினார்கள். முன்வீட்டுக்காரர் முன்வீட்டிலேயே இருந்தார்.

எமக்கு என்ன?

பூமியதிர்ச்சியையும் யுத்தத்தையும் ஒரே தராசில் வைக்க முடியாது என்பதை நான் அறிவேன். பூமியதிர்ச்சிக்கு எவர்மீதும் குற்றம் சொல்ல முடியாது. யுத்தம் மனிதர் செய்தது. கோபேயில் இறந்தவரின் பெயர் எழுதப்பட்டு, ஒவ்வொரு ஜனவரி 17ஆம் திகதியும் அதிகாலை 5.46க்கு விளக்கேற்றப்படுகிறது. எம்மில் எத்தனையோ தாய்மாருக்குத் தம் பிள்ளை இறந்தவனா உயிரோடிருக்கிறானா என்றுகூடத் தெரியாது. நீதிக்கும் உண்மைக்கும் பதிலாக ஆறுதல் வார்த்தை போதும் என்று நான் சொல்ல வரவில்லை. அவை வேறு, அவற்றைத் தொடர்ந்து கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும்.

ஆனால் அந்த நிலையத்தின் தூண்கள் சொல்வதை நாம் எமது ஊரிலேயே செய்து பார்க்கலாம். எமது மாதர் கிராம அபிவிருத்திச் சங்கங்கள், சீட்டுக் குழுக்கள், கோயில் மற்றும் தேவாலயப் பெண்கள் குழுக்கள் யாவும் ஏற்கெனவே உள்ளன. கூட்டம் என்றால் வரவுப் பதிவும் கடன் கணக்கும் என்றுதான் பல இடங்களில் இருக்கிறது. அந்த வரவுப் பதிவையே வேறு விதமாகப் பயன்படுத்தினால் என்ன? இரண்டு கூட்டத்துக்கு வராதவரின் பெயருக்குத் தண்டம் எழுதாமல், இரண்டு பேர் அன்று பின்னேரமே அவரது வீட்டுக்குப் போகலாம். மீள்குடியேறிய பகுதியில் தனியே இருக்கும் முதியவர்கள், அவயவம் இழந்தவர்கள், கைக்குழந்தையோடு இருக்கும் இளம் தாய்மார் யார் யார் என்று ஒரு கொப்பியில் எழுதி, ஒவ்வொருவருக்கும் கிழமைக்கொரு தடவை படலையைத் தட்டும் ஒருவரை ஒழுங்கு செய்யலாம். வீட்டுத்திட்டம் வரும்போது "எமக்கு வீடு" என்று கேட்பதோடு, "எம்மை அயலோடு சேர்த்து வையுங்கள்" என்றும் எழுத்தில் கேட்கலாம். கிராம அலுவலரிடமும் பிரதேச செயலகத்திலும் ஒருத்தியாகப் போய் நிற்பதிலும் பத்துப் பேராகப் போவது மேல்.

உங்களுக்கே தாங்க முடியாமல் வரும் நாளும் உண்டு. நித்திரை வராமை, காரணமில்லாத படபடப்பு, எதிலும் பிடிப்பில்லாமை என்பன கோழைத்தனத்தின் அடையாளங்கள் அல்ல. முப்பது வருடம் வீதியைச் சுமந்த தூணை யாரும் கோழை என்று சொல்லவில்லை. அதற்குக் கட்டுப் போதவில்லை என்றுதான் சொன்னார்கள். அருகிலுள்ள வைத்தியசாலையின் உளநலப் பிரிவுக்கோ, உங்கள் பிரதேசத்தின் உளவளத்துணையாளரிடமோ போவது தூணுக்கு இன்னுமொரு வளையம் போடுவது போன்றதே. போகப் பயமாக இருந்தால் ஒருவரைத் துணைக்குக் கூட்டிச் செல்லுங்கள். உங்களை ஒருவர் துணைக்குக் கூப்பிட்டால், வேலையை வைத்துவிட்டுப் போங்கள்.

டைகாயில் ஒரு தூண் மட்டும் நின்றிருந்தால் நிலையம் நின்றிருக்காது. எல்லாத் தூணுக்கும் கட்டு வேண்டும். ஆகவே இந்தக் கட்டுரையை வாசித்து முடித்ததும், உங்கள் ஒழுங்கையில் "அவள் தாங்குவாள்" என்று எல்லோரும் சொல்லிவிட்டு விட்டுப்போன அந்த ஒருத்தியை நினைத்துப் பாருங்கள். இன்று பின்னேரம் அவளிடம் போய், "சாப்பிட்டாயா பிள்ளை?" என்று கேளுங்கள்.